இரும்பு மிஸ் குடித்த தேத்தண்ணி

"கண்ணக் காட்டு."

எங்கள் மிட்வைஃப் மிஸ் ஒரு பெண்ணைக் கண்டால் முதலில் சொல்வது இதைத்தான். நல்லா இருக்கியா, சாப்பிட்டியா என்ற பேச்செல்லாம் அவரிடம் கிடையாது. பெருவிரலால் நம் கீழ் இமையை இழுத்துவிட்டு உள்ளே பார்ப்பார். சிவப்பாக இருந்தால் "ம், போ" என்பார். வெளுத்திருந்தால் அவ்வளவுதான், லேசில் விடமாட்டார். பைப்படியில் வாளி நிரம்பி வழியும், பஸ் ஹாரன் அடித்துவிட்டுப் போய்விடும், அவர் பாட்டுக்கு ஏசிக்கொண்டு நிற்பார். ஒருமுறை கோயிலில் நடந்த கல்யாணத்தில் மணவறைக்கே ஏறிப்போய்ப் பெண்ணின் இமையை இழுத்தார். மை கன்னம்வரை இறங்கிவிட்டது. அந்தப் பெண்ணின் தாய் இன்றைக்கும் கல்யாண அல்பத்தைத் திறந்தால் மிஸ்ஸைத் திட்டிவிட்டுத்தான் மூடுவாள்.

நான் பிள்ளை மடுவத்தில் இருப்பவள். கொழுந்து பறிக்க மலைக்குப் போகிற தாய்மார் காலையில் விட்டுப்போகும் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வது என் வேலை. எங்கள் தேயிலைத் தோட்டம் பதுளைப் பக்கம் நமுனுகுல மலைச்சரிவில் இருக்கிறது. கர்ப்பிணிகளுக்கான கிளினிக் மாதாமாதம் என் மடுவத்தில்தான் நடக்கும். அதனால் மிஸ்ஸை மற்றவர்களைவிட அதிகம் பார்த்தவளும் அதிகம் ஏச்சு வாங்கியவளும் நான்தான்.

அவர் மாற்றலாகிப் போய்ச் சில வருஷம் ஆகிறது. இப்போது வருவது ஒரு சின்னப் பெண். நல்ல பிள்ளைதான், சிரித்துப் பேசும், மாத்திரையைக் கொடுத்துவிட்டு அடுத்த தோட்டத்துக்கு ஓடும். போன கிளினிக்கில் ஒரு கர்ப்பிணி இரும்பு மாத்திரையை வாயில் போட்டு, கையிலிருந்த தேத்தண்ணியாலேயே விழுங்கினாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எழுந்துபோய்க் கத்தலாம் என்றால் முழங்கால் விடவில்லை. எத்தனை பேருக்குத்தான் கத்துவது, எத்தனை வருஷத்துக்குத்தான் கத்துவது? இருந்த இடத்திலிருந்தே, "அடியேய், தேத்தண்ணியக் கீழ வைடி" என்றேன். சொன்ன பிறகுதான் தெரிந்தது, அது மிஸ்ஸின் பேச்சு.

மிஸ்ஸும் எங்களைப் போல லயத்து வரிசை வீட்டில் பிறந்தவர்தான். லுணுகலைப் பக்கம் ஒரு தோட்டம். படிக்கிற காலத்தில் இரசாயனம் என்றால் அவருக்கு உயிராம். மேலே படிக்க அந்தப் பக்கத்தில் தமிழில் விஞ்ஞான வகுப்பு இருக்கவில்லை. அதனால் மிட்வைஃப் வேலைக்கு வந்தார். படிக்கக் கிடைக்காததையெல்லாம் எங்கள் தலையில் கொட்டித் தீர்க்கிறார் என்று பெண்கள் சொல்லிச் சிரிப்பார்கள். இரும்பு, கல்சியம், அயடின் என்று மூலகங்கள் எல்லாம் அவருக்குச் சொந்தக்காரர்கள்.

"இரும்பும் கல்சியமும் சம்பந்திமாரு. ஒரே பந்தியில ஒக்கார வச்சீங்கன்னா ரெண்டும் முறுக்கிக்கிட்டு எந்திரிச்சுப் போயிரும். கல்சியத்தக் காலையில போடு, இரும்ப அந்திக்குப் போடு. எலுமிச்சம்பழம் இரும்புக்குத் தாய்மாமன். கூட கூட்டிட்டு வந்தா மரியாதையா உள்ள வரும்."

உறவு சொன்னால் எங்களுக்கு மறக்காது என்று அவருக்குத் தெரியும். நிஜமாகவே மறக்கவில்லை. மாத்திரையைத்தான் மறந்தோம்.

உப்பு விஷயத்தில் அவர் பட்ட பாடு இன்னொன்று. எங்கள் வீடுகளில் உப்பு சிரட்டையில் இருக்கும், சிரட்டை அடுப்புக்கு மேலே சூட்டில் இருக்கும். அப்போதுதான் மழைக்காலத்தில் கசியாது. மிஸ்ஸுக்கு அதைக் கண்டால் ஆகாது.

"அயடின் கடல்ல பொறந்த புள்ள, தெரியுமா? முன்னொரு காலத்துல ஒருத்தன் கடல்பாசியச் சுட்டு, அந்தச் சாம்பல்ல அமிலத்த ஊத்துனான். குப்புன்னு ஊதாக் கலர்ல பொகை வந்துச்சு. அதுவரைக்கும் அப்பிடி ஒண்ணு இருக்குன்னே ஒலகத்துக்குத் தெரியாது. நாம மலையேறி வந்துட்டோம், அது கீழ கடலோட நின்னுருச்சு. அது இல்லாமத்தான் ஒங்க சின்னம்மாவுக்குக் கழுத்துல அந்த வீக்கம். அதனாலதான் உப்புல கலந்து அனுப்புறாங்க. நீங்க என்னடான்னா அடுப்பு மேல தொறந்து வச்சு, மறுபடி பொகையா ஏத்தி அனுப்பிட்டு இருக்கீங்க."

சொல்லிக்கொண்டே சிரட்டையை இறக்கி, மூடி உள்ள போத்தலில் கொட்டி வைத்துவிட்டுப் போவார். அவர் தலை லயத்து மூலையில் மறைந்ததும் உப்பு மறுபடி சிரட்டைக்கு ஏறும், சிரட்டை மறுபடி அடுப்புக்கு மேலே ஏறும். அடுத்த முறை வந்து மறுபடி இறக்குவார். ஏன் ஏற்றினாய் என்று கேட்கக்கூட மாட்டார். அலுப்பாக ஒரு மூச்சு விடுவார், இறக்குவார்.

எங்கள் பேச்சை அவர் ஒருநாளும் நம்பியதில்லை. "போட்டேன் மிஸ்" என்றால், "வாயத் தொற, நாக்கத் தூக்கு" என்பார். முந்தானையில் பச்சரிசி முடிந்து வைத்து மென்றுகொண்டிருப்பவளைத் தூரத்திலேயே கண்டுகொள்வார். ரத்தம் குறைந்தவளுக்குத்தான் பச்சரிசி மேலேயும் மண் மேலேயும் ஆசை வரும் என்பார். தோட்டத்து ரோட்டோரம் வெட்டிவிட்ட மண்ணைக் காலால் தட்டிக் காட்டுவார்.

"இந்த மண்ணு ஏன் செவப்பா இருக்கு? இரும்பு. பதுளைக்கு ரயில் வருதே, தண்டவாளம் என்னா? இரும்பு. கவ்வாத்துக் கத்தி, மம்பட்டி எல்லாம் இரும்பு. காலுக்குக் கீழ அம்புட்டு இரும்பு கெடக்கு, ஒன் கண்ணுக்குள்ள ஒரு பொட்டு இல்ல. மூச்சுங்கறது கொழுந்து மாதிரி புள்ள. இரும்புதான் கூடை. கூடை இல்லாம மலைக்குப் போயி மடியிலயா கட்டிக்கிட்டு வருவே?"

ஒருநாள் மருந்து அடிக்கிறவர்கள் தேயிலைக்கு அடித்துக்கொண்டு போவதைப் பார்த்துக்கொண்டே நின்றார். என்ன மருந்து என்று கேட்டதற்குத் துத்தநாகம் என்றார்கள். மிஸ்ஸுக்கு முகம் மாறிவிட்டது. "பாத்தியா. செடிக்கு இலை சிறுத்தாத் துத்தநாகம் அடிக்கிறாங்க. இலையில கொப்புளம் போட்டாச் செம்பு அடிக்கிறாங்க. நாள் தவறுனா மேல இருக்குறவங்களுக்குக் கோவம் வரும். ஒங்களுக்கு இரும்பு தவறுனா யாருக்குக் கோவம் வருது, சொல்லு பாப்பம்? எனக்கு மட்டுந்தான்" என்றார்.

பெண்களுக்கு அவரைப் பிடிக்காமல் போனதற்கு இரும்பு மட்டும் காரணமில்லை. வந்த புதிதில் அவர் எந்த வீட்டிலும் தேத்தண்ணி குடிக்கமாட்டார். "எனக்கு ஒத்துக்காதுங்க" என்று கையைக் காட்டிவிடுவார். எங்கள் பக்கத்தில் அது சின்ன விஷயம் இல்லை. லயத்து வீட்டுக்குள் வந்துவிட்டு ஒரு கிளாஸ் தேத்தண்ணியில் வாய் வைக்காமல் போனால், எங்களைத் தாழ்வாக நினைக்கிறார்கள் என்றுதான் அர்த்தம். பெரிய உத்தியோகத்தர்கள் அப்படிச் செய்து பார்த்திருக்கிறோம். அது பழகிப்போன விஷயம். ஆனால் லயத்தில் பிறந்தவள் செய்தால் பொறுக்குமா? "ஒத்துக்காதாம்ல. ஏன், இவ தோட்டத்துல பொறந்ததும் பசும்பால்தான் குடிச்சாளா?" என்று பைப்படியில் பேச்சு. யார் பேச்சையும் நம்பாத மிஸ்ஸின் பேச்சை அந்த ஒரு விஷயத்தில் நாங்களும் நம்பவில்லை.

இந்த நேரத்தில்தான் என் தங்கச்சி வசந்தி உண்டானாள்.

அதைச் சொல்ல வேண்டுமென்றால் எங்கள் அம்மாவைச் சொல்ல வேண்டும். வசந்தியைப் பெற்ற அன்றைக்கு ரத்தம் நிற்காமல் போனவள் அம்மா. லொறி வந்து ஏற்றுவதற்குள் முடிந்துவிட்டது. பிள்ளையை என் மடியில் வைத்தார்கள். வசந்திக்கு நான் அக்காவா அம்மாவா என்று எனக்கே சரியாகத் தெரியாது. அவளைப் பக்கத்து லயத்திலேயே கட்டிக்கொடுத்தேன். புருஷன் கொழும்பில் கடையில் வேலை. மாமியார் பேச்சியம்மா, கொழுந்து பறிப்பதிலும் வாயிலும் தோட்டத்தில் அவளை மிஞ்ச ஆள் இல்லை.

வயிற்றில் ஐந்து மாதம் ஆனபோது மிஸ் வசந்தியின் இமையை இழுத்துப் பார்த்தார். வழக்கமாக ஏசத் தொடங்குவார். அன்றைக்கு ஒன்றும் சொல்லாமல் இமையை விட்டார். பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "ஒங்கம்மா எப்பிடிப் போனாங்க?" என்று கேட்டார். சொன்னேன். "இவளுக்கும் ரத்தம் எட்டுக்குக் கீழ. புள்ளை பொறக்குறப்ப கொஞ்சம் கூடப் போச்சுன்னாத் தாங்கமாட்டா. இன்னும் நாலு மாசந்தான் இருக்கு. அதுக்குள்ள ஏத்தணும்" என்றார்.  அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் போயிற்று.

வசந்தி மாத்திரை போடாமலும் இல்லை. போட்டாள், போட்ட கையோடு தேத்தண்ணியும் குடித்தாள். எங்களுக்குத் தண்ணி என்றாலே தேத்தண்ணிதான். காலையில் எழுந்தால் தேத்தண்ணி, மலையில் பத்து மணித் தேத்தண்ணி, ரொட்டிக்குத் தேத்தண்ணி, தலைவலிக்கும் அதுதான், துக்கத்துக்கும் அதுதான். பால் கிடையாது, வெறும் சாயம், சீனி இருந்தால் சீனி. பச்சைத்தண்ணியில் மாத்திரை போட்டால் குமட்டுகிறது என்பாள்.

மிஸ் யோசித்தார். யோசித்து ஒரு வேலை செய்தார். அவர் செய்ததிலேயே கெட்டிக்கார வேலை அதுதான், நாசமாகப் போனதும் அதுதான்.

பத்து மணித் தேத்தண்ணி நேரம் மலைக்கே ஏறிப் போனார். மாத்திரைப் பையைத் தூக்கிக்கொண்டு நானும் கூடப் போனேன். பெண்கள் சவுக்கு மரத்தடியில் கூடையை இறக்கிவிட்டு ரொட்டியும் சம்பலுமாக உட்கார்ந்திருந்தார்கள். மிஸ் ஒரு கிளாஸில் சாயம் ஊற்றச் சொன்னார். இரண்டு இரும்பு மாத்திரையைக் கல்லில் வைத்து நுணுக்கி, அந்தக் கிளாஸில் போட்டு, ஈர்க்குச்சியால் கலக்கினார்.

தேத்தண்ணி கறுத்தது. எல்லார் கண்ணுக்கும் முன்னாலேயே, அடியிலிருந்து மேலே, மைக்கறுப்பாகக் கறுத்தது. பெண்கள் ரொட்டி தின்னத் திறந்த வாயை மூடவில்லை.

மிஸ்ஸின் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை. "பாத்தீங்களா! இது மை. நெசமான மை. அந்தக் காலத்துல கடுக்காயையும் அன்னபேதியையும் கலந்து எழுதுற மை இப்பிடித்தான் செஞ்சாங்க. அன்னபேதிங்கறதும் இரும்புதான். தேயிலையில உள்ள துவர்ப்பு இரும்பக் கண்டாக் கட்டிப் புடிச்சுக்கும், விடாது. ஒங்க வயித்துக்குள்ளயும் இதே கதைதான். நான் குடுக்குற இரும்பு ரத்தத்துக்குப் போகாம மையாப் போயி வெளிய போயிருது. இப்ப வெளங்குதா?"

 பேச்சியம்மா எழுந்து வந்தாள். கிளாஸை வாங்கி மூக்கில் வைத்து மணந்தாள். வெயிலில் பிடித்துப் பார்த்தாள்.

"வெளங்குது மிஸ்," என்றாள். "பொறந்ததுல இருந்து குடிக்கிறோம். ஒருநாளும் இது கறுத்தது இல்ல. பொன்னு மாதிரி இருந்த தேத்தண்ணி, ஒங்க மாத்திரை பட்டதும் கரியாப் போச்சே. வயித்துல இருக்குற புள்ளைக்குப் பட்டா புள்ள என்னா ஆகும்?"

"ஐயோ, அதில்லம்மா, நான் சொல்றது..."

"எங்க கண்ணாலதானே பாத்தோம்" என்றாள் இன்னொருத்தி.

அவ்வளவுதான், முடிந்தது கதை. கொழுந்து நிறுக்கும் நேரத்துக்குள் தோட்டம் முழுக்கப் பேச்சுப் பரவிவிட்டது. மாத்திரை போட்டால் வயிறு கறுத்துவிடுமாம், மிஸ்ஸே செய்து காட்டினாராம். ஏற்கெனவே மாத்திரையால் வெளிக்குப் போவது கறுப்பாகப் போகிறது என்று பயந்திருந்தவர்களுக்கு இது போதாதா? போட்டுக்கொண்டிருந்த ஒன்றிரண்டு பேரும் நிறுத்தினார்கள். வசந்தியும் நிறுத்திவிட்டாள்.

இறங்கி வரும்போது மிஸ் அந்தக் கிளாஸைக் கையிலேயே வைத்திருந்தார். மதகில் உட்கார்ந்து அதைக் கீழே தண்ணீர் ஓடும் கானில் ஊற்றினார். "பிழை என்மேலதான். சோறு போடுற தேயிலைய எதிரின்னு காட்டுனா யாரு நம்புவா?" என்றார். எனக்கு ஆத்திரம். நாலு மாதம்தான் இருக்கிறது என்று சொன்ன மனுஷி, இருந்த கொஞ்ச நம்பிக்கையையும் இப்படிப் போட்டு உடைத்துவிட்டாரே என்று வாய்க்குள் திட்டினேன். அவர் முகத்தைப் பார்த்ததும் வெளியே வரவில்லை.

அடுத்த வாரம் வசந்தி வீட்டுக்குப் போனோம். இஸ்தோப்பு என்ற முன்திண்ணை வாசலில், பழைய தகரத்தில் வைத்திருந்த ரோஜாச்செடி பச்சைப்பசேலென்று நின்றது. மிஸ் அதையே பார்த்தார். குனிந்து, விரலால் மண்ணைக் கிளறினார். பாதி கரைந்த மாத்திரைகள் வந்தன.

"இந்த லயத்துலயே ரத்தம் உள்ள ஆளு இந்தச் செடிதான்" என்றார்.

நான் சிரிக்கவில்லை. வசந்தி அழத் தொடங்கிவிட்டாள். உள்ளேயிருந்து பேச்சியம்மா வந்தாள், கையில் இரண்டு கிளாஸ் தேத்தண்ணி. மிஸ் வழக்கம்போலக் கையைக் காட்டினார். பேச்சியம்மா இந்த முறை கிளாஸைத் திருப்பி எடுத்துக்கொண்டு போகவில்லை.

"ஒண்ணு கேக்குறேன் மிஸ். எங்க கையால ஒரு வாய் தேத்தண்ணி குடிக்காத ஆளு குடுக்குற மாத்திரைய எங்க மருமக எதுக்குக் குடிக்கணும்?"

எனக்கு நிலம் பிளந்து உள்ளே போய்விடலாம் போல இருந்தது. மிஸ் அந்தக் கிளாஸைப் பார்த்தார். கோபம் வரும் என்று நினைத்தேன், வரவில்லை. கையை நீட்டி வாங்கினார். ஊதி ஊதி அடிவரைக்கும் குடித்தார். பிறகு வசந்திக்கு வைத்திருந்த கிளாஸையும் எடுத்தார். அதையும் குடித்தார்.

"இப்ப ஒன் பங்கும் தீந்துபோச்சு. ரெண்டு மணி நேரத்துக்கு இந்த வீட்டுல தேத்தண்ணி ஊத்தக் கூடாது. நான் ஒங்க தேத்தண்ணியக் குடிச்சிட்டேன். நீ என் மாத்திரையக் குடி" என்று மாத்திரையையும் பச்சைத்தண்ணியையும் நீட்டினார்.

வசந்தி மாமியாரைப் பார்த்தாள். பேச்சியம்மாவுக்கு வேறு வழியில்லை. குடித்துவிட்டாரே, இனி என்ன சொல்வது? "குடி புள்ள" என்றாள். வசந்தி கண்ணை மூடிக்கொண்டு விழுங்கினாள்.

"வாயத் தொற" என்றார் மிஸ்.

அன்றிலிருந்து அவர் எல்லா வீட்டிலும் குடித்தார். கர்ப்பிணி உள்ள வீடு, பிள்ளை பெற்ற வீடு, கல்யாணம் முடித்து வந்த புதுப்பெண் உள்ள வீடு, ஒன்று விடவில்லை. தன் பங்கைக் குடிப்பார், அந்தப் பெண்ணின் பங்கையும் குடிப்பார், மாத்திரை உள்ளே போனதைப் பார்த்துவிட்டு அடுத்த வீட்டுக் காம்பராவுக்குப் போவார். இரசாயனம் பேசுவதைக் குறைத்துவிட்டார். பெண்களுக்கு அவர்மேல் அப்படி ஒரு பிரியம் வந்துவிட்டது. "எங்க வீட்டுக்கு எப்ப வருவீங்க மிஸ்?" என்று ரோட்டில் மறித்துக் கேட்பார்கள். அவர் பாவம், மதியச் சோற்றுப் பார்சலைப் பிரிக்கிற நேரத்திலும் யாராவது ஒருத்தி கிளாஸோடு வந்து நிற்பாள்.

வசந்திக்குப் பதுளைப் பெரியாஸ்பத்திரியில் பிள்ளை பிறந்தது. பெண் பிள்ளை. எதற்குப் பயந்தோமோ அது நடக்கத்தான் செய்தது, ரத்தம் கூடப் போயிற்று. வெளி வராந்தாவில் நான் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ரத்தத்தில் நனைந்த அம்மாவின் பாய் என் கண்ணுக்குள்ளேயே நின்றது. பிறகு ஒரு நர்ஸம்மா வந்து, "தங்கச்சி தாங்கிட்டாங்க, பயப்படாதீங்க" என்றார். உட்கார்ந்து வாய்விட்டு அழுதேன். மறுநாள் மிஸ் வந்தார். பிள்ளையைப் பார்க்கவில்லை. நேரே போய் வசந்தியின் இமையை இழுத்துப் பார்த்தார். "ம்" என்றார். அதற்குப் பிறகுதான் பிள்ளையைத் தூக்கினார்.

இத்தோடு நிறுத்திவிடலாம்தான். வசந்தியின் மகள் என் மடுவத்தில் நடக்கப் பழகிய காலத்தில்தான் மற்றது நடந்தது.

அன்றைக்குக் கிளினிக் நாள். மடுவத்துக்கு ஏறி வருகிற படிக்கட்டில் மிஸ் உட்கார்ந்திருந்தார். சும்மா இளைப்பாறுகிறார் என்று நினைத்தேன். ஏறி வந்த பிறகும் மூச்சு வாங்கியது. ஒருகாலத்தில் எங்களை ஓடவிட்டு முன்னால் போனவர். பெண்கள் வர நேரமிருந்தது. நான் பிள்ளைகளுக்குக் கஞ்சி வைக்க அரிசி களைந்துகொண்டிருந்தேன். மிஸ் பக்கத்தில் ஸ்டூலில் இருந்து ஏதோ பேசிக்கொண்டே சுளகில் கையை விட்டார். ஒரு பிடி அரிசியை எடுத்து வாயில் போட்டு மென்றார். அவருக்கே தெரியாமல் செய்கிறார் என்று எனக்குத் தெரிந்தது.

கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தேன்.

"கண்ணக் காட்டுங்க மிஸ்."

சிரித்தார். "எனக்கென்னா? நீ வேலையப் பாரு."

"காட்டுங்கங்கறேன்."

அவரிடமே படித்ததுதான், பெருவிரலால் இழுத்தேன். உள்ளே சிவப்பு என்று ஒன்று இல்லை. சுளகிலிருந்த அரிசியும் அதுவும் ஒரே நிறம். அத்தனை வருஷத்தில் அவர் கண்ணை யாரும் இழுத்துப் பார்த்ததில்லை. எங்களுக்குத் தோன்றவும் இல்லை.

"மாத்திரை போடுறீங்களா, இல்லியா?"

"பையில இருக்கு." குழந்தை மாதிரிப் பார்த்தார். "எப்பப் போடச் சொல்ற? வயித்துல தேத்தண்ணி இல்லாத நேரம் ஏது எனக்கு? சின்ன வயசுலயே எனக்கு ரத்தம் பத்தாது. டாக்டர் தேத்தண்ணியத் தொடாதன்னுதான் சொன்னாரு. அதான் வந்த புதுசுல வேணாம்னேன்." சுளகைத் தள்ளி வைத்துவிட்டு, "இப்ப வேணாம்னு சொன்னா மறுபடி மாத்திரையச் செடிக்குப் போட்டுருவாளுங்க" என்றார்.

"எனக்கு ஒத்துக்காதுங்க." எத்தனை வீட்டில் சொல்லியிருப்பார்! எனக்கு என் தங்கச்சி உயிரோடு இருக்கிறாள், இந்த மனுஷி வெளுத்துப்போய் என் முன்னால் அரிசி மெல்கிறாள். 

அன்று அந்தியில் பைப்படியில் எல்லாரையும் நிற்கவைத்துச் சொன்னேன். ஒரே சத்தம். வீட்டுக்கு வந்த பொம்பிளைக்கு வெறும் தண்ணியா கொடுப்பது, அதுவும் மிஸ்ஸுக்கா, நாக்கு கூசாதா என்று ஒருத்தி. பால் ஊற்றிக் கொடுத்தால் சரியாகிவிடாதா என்று ஒருத்தி. பேச்சியம்மா மட்டும் நிரம்பிய குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு போய்விட்டாள்.

அடுத்த முறை மிஸ் லயத்துக்கு வந்தபோது முதல் வீடு பேச்சியம்மா வீடு. மிஸ் இஸ்தோப்பில் உட்கார்ந்தார். பேச்சியம்மா வழக்கமான கிளாஸில், வழக்கமான தட்டில் வைத்துக் கொண்டுவந்தாள். ஆவி பறந்தது. மிஸ் பழக்கதோஷத்தில் ஊதி ஊதி ஒரு வாய் குடித்தார். குடித்துவிட்டு நிமிர்ந்தார்.

சுடுதண்ணி. வெறும் சுடுதண்ணி.

பேச்சியம்மா நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. தலை குனிந்திருந்தது. அவள் வீட்டில் ஒரு விருந்தாளிக்குச் சாயமில்லாத தண்ணி கொடுத்தது அதுதான் முதல் தடவை. எலுமிச்சம்பழம் பாதி வெட்டித் தட்டில் வைத்திருந்தாள்.

"பையில இருக்குற மாத்திரைய எடுங்க மிஸ்," என்றாள். "நாங்க யாரையும் நம்பமாட்டோம். எங்க கண்ணு முன்னால போடுங்க."

மிஸ் எடுத்தார், போட்டார், குடித்தார். குடித்து முடிக்க வெகு நேரம் ஆயிற்று. 

"வாயத் தொறங்க" என்றாள் பேச்சியம்மா.

அந்த வருஷமே அவருக்கு மாற்றல் வந்துவிட்டது. லுணுகலைப் பக்கம், அவர் பிறந்த தோட்டத்துக்குப் பக்கத்துத் தோட்டம். போகும்போது கண் கொஞ்சம் சிவந்திருந்தது. நானே இழுத்துப் பார்த்துத்தான் அனுப்பினேன். ஆனால் அங்கே புது லயங்கள், புது வீடுகள், அவரை இன்னும் அறியாத பெண்கள். முதல் நாளே போய்ச் சுடுதண்ணி கொடுங்கள் என்று கேட்க அவருக்கு வாய் வராது. கேட்டால் அவர்கள் மாத்திரையை வாங்கமாட்டார்கள். இது எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும்.

என் பெரியம்மா மகள் ஒருத்தி அந்தத் தோட்டத்தில் வாழ்க்கைப்பட்டிருக்கிறாள். அவளுக்குப் போன் எடுத்தேன்.

"மிட்வைஃப் மிஸ் ஒருத்தர் வருவாங்க. வந்தாங்கன்னாத் தேத்தண்ணி ஊத்தாத. வெறும் சுடுதண்ணி குடு."

"என்னாக்கா, பைத்தியமா ஒனக்கு? வீட்டுக்கு வந்தவங்களுக்கு வெறுந்தண்ணி குடுக்குறதா? நாலு பேரு என்னா நெனைப்பாங்க?"

"என்னா வேணா நெனச்சுக்கட்டும். நீ குடு. குடுத்துட்டு, அவங்க கண்ணக் கீழ இழுத்துப் பாரு."

அவள் சிரித்தாள். சரி பார்க்கிறேன் என்று சொல்லி வைத்துவிட்டாள். கொடுத்தாளா என்று கேட்க எனக்கு இன்னும் தைரியம் வரவில்லை.